ஜோஸ்லின் ஆஃப் பிரேக்லண்டின் நாளாகமம்

ஜோஸ்லின் ஆஃப் பிரேக்லண்டின் நாளாகமம், இங்கிலாந்தின் சஃபோக் பகுதியில் இருந்த பெரி செயின்ட் எட்மண்ட்ஸ் மடாலயத்தைப் பற்றி, அங்கேயே வாழ்ந்த துறவி ஒருவர் லத்தீனில் எழுதிய நூல். 1173 முதல் 1202 வரையிலான நிகழ்வுகளைச் சொல்கிறது. மடாதிபதி சாம்சனின் வாழ்க்கை வரலாறாகவே இது பெரும்பாலும் வாசிக்கப்படுகிறது. ஆனால் இடைக்கால மடாலயம் ஒன்று நிலவுடைமையாளராக எப்படி நடந்துகொண்டது என்பதை உள்ளிருந்து காட்டுவதே இதன் தனிச்சிறப்பு.

பின்னணி

பெரி மடாலயம் பெனடிக்ட் சபையைச் சேர்ந்தது. மன்னர் கனூட் காலத்தில், 1020-இல் நிறுவப்பட்டது. பின்னர் அரசர் எட்வர்ட், மேற்கு சஃபோக்கில் எட்டரை 'ஹண்ட்ரட்' பரப்பின் மீது நீதி வழங்கும் உரிமையையும் அதன் வருவாயையும் மடாலயத்துக்கு அளித்தார். மடாலயத்தைச் சுற்றி வளர்ந்த நகரமும் அதன் ஆட்சிக்கு உட்பட்டிருந்தது. இந்த நிலங்களும் உரிமைகளும் சட்டப்படி புனித எட்மண்டுக்கு உரியவை. மனிதர் இறந்தால் சொத்து பங்கு பிரியும். புனிதருக்கு இறப்பும் இல்லை, வாரிசும் இல்லை. எனவே மடத்துக்குள் ஒருமுறை வந்த நிலம் எளிதில் வெளியே போகவில்லை. மடத்தின் உரிமையை எதிர்ப்பவர் புனிதரையே எதிர்ப்பவராகக் கருதப்பட்டார்.

கடனும் கணக்கும்

நூல் பக்திப் பரவசத்தோடு தொடங்கவில்லை, கடனோடு தொடங்குகிறது. மடாதிபதி ஹியூ முதியவர், கண்பார்வை மங்கியவர். அவர் காலத்தில் காடுகள் வெட்டப்பட்டன, பண்ணைக் கட்டடங்கள் பழுதடைந்தன, சிறு கடன்கள் வட்டியேறிப் பெருகின. 1182-இல் பொறுப்பேற்ற சாம்சன் பண்ணைகளை நேரில் பார்வையிட்டார். யார் எவ்வளவு செலுத்த வேண்டும் என்பதை ஹண்ட்ரட் வாரியாகத் தொகுத்துப் பதிவேடு ஒன்றை உருவாக்கினார். அந்தப் பதிவேடு இன்றும் கிடைக்கிறது. பன்னிரண்டு ஆண்டுகளுக்குள் கடன்கள் தீர்ந்தன என்கிறார் ஜோஸ்லின்.

சாம்சனின் மதிப்பீட்டு முறைக்கு ஓர் எடுத்துக்காட்டு: தோர்ப் என்ற பண்ணையை, பிரெஞ்சு தெரியாத, நிலத்தோடு பிணைக்கப்பட்ட ஓர் ஆங்கிலேயரிடம் அவர் ஒப்படைத்தார். நல்ல உழவர் என்பதே காரணம். உயர்குடியினர் பிரெஞ்சு பேசிய காலம் அது.

காற்றும் கதிரும்

நூலின் உயிர்ப்பான பகுதிகள் இந்த உரிமைகள் மக்களோடு மோதும் இடங்களே. ஹெர்பர்ட் என்ற டீன் தம் நிலத்தில் காற்றாலை ஒன்றை நிறுவினார். காற்று எல்லோருக்கும் பொது, தம் தானியத்தை மட்டுமே அரைப்பேன் என்று வாதிட்டார். நகர மக்கள் அங்கே போய்விட்டால் தம் ஆலையின் வருவாய் குறையும் என்பது சாம்சனின் கவலை. அவருடைய கோபத்துக்கு அஞ்சிய ஹெர்பர்ட், ஆட்கள் வந்து இடிக்கும் முன் தாமே ஆலையைப் பிரித்துவிட்டார்.

அறுவடை வேலைக்கு ஈடாக வீட்டுக்கு ஒரு பென்னி என்ற வரியை மடத்தின் உணவுப் பொறுப்பாளர் தண்டிவந்தார். செல்வரை விட்டுவிட்டு ஏழைகளிடமே அது கறாராக வசூலிக்கப்பட்டது. முக்காலியும் கதவும் பறிமுதலாயின. கிழவிகள் நூல் நூற்கும் கோலைத் தூக்கிக்கொண்டு தண்டல்காரர்களை எதிர்த்தனர். முடிவில் நகரம் ஆண்டுக்கு 20 ஷில்லிங் செலுத்துவது என்று உடன்பாடு ஏற்பட்டது. பாப்வெல்லில் சாம்சன் மீன்குளத்தின் கரையை உயர்த்தியபோது அண்டை நிலத்தாரின் தோட்டங்களும் மடத்தின் மேய்ச்சல் நிலமும் நீரில் மூழ்கின. முறையிட்டும் அவர் குளத்தை விட்டுக்கொடுக்கவில்லை.

மதிப்பீடு

இந்நூல் 1840-இல் அச்சேறியது. மூன்றாண்டுகளில் தாமஸ் கார்லைல் தம் 'பாஸ்ட் அண்ட் பிரசண்ட்' நூலில் சாம்சனை உண்மையான தலைவராக முன்னிறுத்தினார். தொழிற்புரட்சிக் கால இங்கிலாந்தின் பொறுப்பற்ற முதலாளிகளுக்கு எதிராக அவருக்கு அப்படியொருவர் தேவைப்பட்டார். ஆனால் இந்த வாசிப்பு நூலைச் சுருக்கிவிடுகிறது. சாம்சனின் திறமை யாரிடமிருந்து எதைப் பெற்றது என்ற கேள்வி அதில் பின்னுக்குப் போகிறது.

ஜோஸ்லின் சாம்சனின் பணியாளராக ஆறு ஆண்டுகள் உடனிருந்தவர். அவர் மீது பற்றுக் கொண்டவர். ஆயினும் மீன்குளம் செய்த கேட்டையும் கிழவிகளின் எதிர்ப்பையும் மறைக்கவில்லை. இந்த நேர்மையே நூலை நிலைநிறுத்துகிறது. அதன் எல்லையும் கண்கூடு. 1190-இல் பெரி நகரில் யூதர் 57 பேர் கொல்லப்பட்டனர். எஞ்சியவர்களைச் சாம்சன் நகரைவிட்டு வெளியேற்றினார். அதை ஜோஸ்லின் மடாதிபதியின் சிறப்புகளில் ஒன்றாகவே எழுதுகிறார். புனித எட்மண்டின் ஆட்களாக இல்லாதவருக்கு இங்கே இடமில்லை என்பதே வாதம். நிலத்தைக் காத்த அதே தர்க்கம் மனிதரை விரட்டவும் பயன்பட்டது. ஜோஸ்லினுக்கு இது உறுத்தவில்லை. குடியானவர்களின் குரலும் நூலில் நேரடியாக ஒலிப்பதில்லை. அவர்கள் தண்டல்காரரை எதிர்க்கும்போது மட்டுமே தெரிகிறார்கள்.

அந்த எதிர்ப்பு பின்னாளில் பெருகியது. 1327-இல் நகர மக்கள் மடாலயத்தைச் சூறையாடினர். 1381 உழவர் கிளர்ச்சியில் மடத்தின் பிரையர் தலை வெட்டப்பட்டார். 1539-இல் எட்டாம் ஹென்றியின் ஆட்சியில் மடாலயம் கலைக்கப்பட்டது. இறப்பில்லாத உடைமையாளரின் நிலம் அரசரின் கைக்குப் போனது. அந்த மோதலின் தொடக்கத்தைப் புரிந்துகொள்ள விரும்பும் மாணவர், சாம்சனின் புகழுரையைத் தாண்டி, முக்காலியும் கதவும் பறிமுதலான பக்கங்களிலிருந்து வாசிக்கத் தொடங்கலாம்.