நான்கு வட்டங்களுக்குள் அடங்காத இக்கிகய்

எக்டர் கார்சியா, பிரான்செஸ்க் மிராயெஸ் இருவரும் 2016-இல் ஸ்பானிய மொழியில் எழுதிய ‘இக்கிகய்’ (ஜப்பானிய மொழியில் ‘வாழ்வதற்கான காரணம்’) நூலைச் சுயமுன்னேற்றச் சரக்கு என்று ஒதுக்குவது எளிது, நியாயமன்று. ஜப்பானின் ஒக்கினாவாவிலுள்ள ஓகிமி கிராமத்துக்கு நேரில் போய் முதியவர்களோடு பேசி எழுதிய பக்கங்கள் அதன் பலம். காய்கறித் தோட்டம், ‘மொஆய்’ என்னும் சிறு குழுவில் பணம் போட்டு இடர் வந்தவருக்குக் கைகொடுக்கும் வழக்கம் ஆகியவை அங்கே தெளிவாகப் பதிவாகியுள்ளன. ஜப்பானிய உளமருத்துவர் மொரிட்டா ஷோமாவின் சிகிச்சை முறையைப் பொதுவாசகரிடம் சேர்த்ததும் நற்பணியே.

பிசகு முறையியலில் இருக்கிறது. விருப்பம், திறமை, உலகின் தேவை, ஊதியம் என்ற நான்கு வட்டங்கள் வெட்டிக்கொள்ளும் படத்தை நூல் ஏற்றுக்கொள்கிறது. வாழ்வின் நோக்கம் பற்றி ஸ்பெயினின் ஆந்த்ரேஸ் சுசுனாகா வரைந்த அந்தப் படத்தின் நடுவில், 2014-இல் வலைப்பதிவர் மார்க் வின் ‘இக்கிகய்’ என்ற சொல்லை இட்டார். அயல் வரவு என்பதற்காக அதைத் தள்ள வேண்டியதில்லை. சான்றோடு பொருந்தவில்லை என்பதற்காகத் தள்ளலாம். ஓகிமியின் தோட்டம் யாருக்கும் சம்பளம் தருவதில்லை. ஆசிரியர்கள் தேடிச் சேர்த்த சான்றே அவர்கள் ஏற்ற படத்தை மறுக்கிறது. இந்த முரணுக்கு நூலில் விடை இல்லை.

கமியா மியெகோ 1966-இல் வெளியிட்ட ‘இக்கிகய் பற்றி’ வேறு தரத்தது. நாகாஷிமா தீவின் தொழுநோயாளர் இல்லத்தில் பணியாற்றிய உளமருத்துவர் அவர். இக்கிகயாக அமையும் பொருள் வேறு, அதனால் விளையும் உணர்வு வேறு என்று பகுக்கிறார். எளிய பகுப்புதான், ஆனால் ஒரே வேலை ஒருவருக்கு நிறைவாகவும் இன்னொருவருக்கு வெறுமையாகவும் இருப்பது ஏன் என்ற கேள்வியை வட்டங்களால் எழுப்பவே முடியாது, இந்தப் பகுப்பால் முடிகிறது. தொழிலும் குடும்பமும் பறிபோனவர்களிடம் அந்தக் கேள்வியைக் கொண்டுபோனதால் அவருடைய சொல்லுக்கு எடை கூடுகிறது.

அவரிடமும் கடுமையான குறை உண்டு. நோயாளரைப் பிரித்துவைத்த சட்டம் 1996 வரை நீடித்தது. அகத்தின் மீட்சியை அவ்வளவு நுட்பமாக ஆராய்ந்தவர், அவர்களை அங்கே அடைத்த அரசை அதே கண்டிப்போடு விசாரிக்கவில்லை. மிகை உழைப்பால் நேரும் சாவுக்கு ‘கரோஷி’ என்று பெயரிட நேர்ந்த நாட்டில், நிறைவைப் பேசி அதிகாரத்தைப் பேசாமல் விடுவது சிறு பிழையன்று.

முதல் நூல் பயணக் குறிப்பாகத் தேறும், கோட்பாடாகத் தேறாது. கமியாவின் நூல் அந்தக் குறையோடும் நிற்கிறது. தமிழுக்கு வரவேண்டியது அதுதான்.