மலரும் நினைவும்: கொழும்புத் தமிழர் வெளியீடுகள் பற்றிய ஒரு நோக்கு

ஒரு சமுதாயத்தின் நினைவு இரண்டு நிலைக்களன்களைப் பற்றி நிற்பது. ஒன்று இடம், மற்றையது ஏடு. கோயில், மண்டபம், நூல் நிலையம் என்பன இடத்தின்பாற்படும். ஓலையும் அச்சுநூலும் ஏட்டின்பாற்படும். இடம் மக்களைக் கூட்டுவிக்கும். ஏடு, கூடியோர் கலைந்த பின்னரும் பேசும். இவ்விரண்டும் ஒன்றையொன்று தாங்குமாற்றை அறிதற்குக் கொழும்பு மாநகரிலே தமிழர் செறிந்து வாழும் கொட்டாஞ்சேனை, வெள்ளவத்தை ஆகிய இரு பகுதிகளும் தக்க எடுத்துக்காட்டாகும்.

கொட்டாஞ்சேனையை அடுத்த கொச்சிக்கடையிற் பொன்னம்பலவாணேசுவரர் கோயிலைப் பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியிற் கட்டுவித்தவர் பொன்னம்பல முதலியார். அவர்தம் மைந்தர் சேர் பொன்னம்பலம் இராமநாதன் 1907ஆம் ஆண்டு தொடங்கி 1912ஆம் ஆண்டுவரை அதனைக் கருங்கற் றிருப்பணியாகப் புதுக்கினார். தந்தையின் பணியை மைந்தர் இருந்தவாறே விட்டுவைத்துப் பேணவில்லை. மீண்டும் எடுத்துப் பேணினார். புதுக்குதலே பேணுதல் என்பது நம் முன்னோர் கொள்கை. குடமுழுக்கு என்னும் வழக்கின் உட்கிடையும் அதுவே.

சுவாமி விவேகானந்தர் 1897ஆம் ஆண்டு சனவரி மாதம் 15ஆம் நாள் கொழும்பில் வந்திறங்கினார். அவர் பெயராற் கொட்டாஞ்சேனையில் 1902ஆம் ஆண்டு விவேகானந்த சபை நிறுவப்பட்டது. ஒரு பெரியார் வந்து சென்ற நினைவு ஒரு மண்டபத்தளவில் நின்றுவிடாமல், ஆண்டுதோறும் சிறுவர்க்கு நடாத்தும் சைவ சமயப் பரீட்சையாய் வளர்ந்தமையே அச்சபையின் சிறப்பு. வெள்ளவத்தையில் 1942ஆம் ஆண்டு தோன்றிய கொழும்புத் தமிழ்ச் சங்கமும் தன் நூல் நிலையத்தாலும் சொற்பொழிவுகளாலும் இவ்வாறே நிலைபெற்றது. இடம் என்பது கட்டடமன்று. அதனுள் நிகழும் தொழிலே என்பது இவற்றாற் போதரும்.

ஆயினும் இடம் அழிவுக்கு எளியது. 1981ஆம் ஆண்டு மே மாத இறுதி நாள் இரவில் யாழ்ப்பாணப் பொது நூலகம் எரியூட்டப்பட்டபோது ஏறக்குறைய 97,000 நூல்கள் சாம்பராயின. அவற்றுள் வேறிடத்தும் படியுள்ள நூல்களை மீண்டும் தேடிக்கொள்ளலாம். ஒரே படியாய் இருந்த சுவடிகள் போயொழிந்தன. 1983ஆம் ஆண்டு சூலையில் வெள்ளவத்தையிலே தமிழர் வீடுகளும் கடைகளும் தீக்கிரையாயின. குடும்பங்கள் பல கடல் கடந்தன. பின்னாளிற் பழைய வீடுகள் நின்ற ஒழுங்கைகளில் அடுக்குமாடி மனைகள் எழுந்தன. அவ்வீடுகளில் வாழ்ந்தோரை இன்று எங்கே தேடுவது?

இவ்வினாவிற்கு விடையாக நிற்பது, புலவர் பலரும் பொருட்படுத்தாத ஓர் ஏட்டு வகையாகும். அதுவே மலர். கோயிற் கும்பாபிஷேக மலர், சபைகளின் வெள்ளிவிழா, பொன்விழா மலர், கல்லூரி ஆண்டு மலர், இறந்தார் பொருட்டு முப்பத்தோராம் நாளில் உற்றார்க்கு வழங்கும் நினைவு மலர் எனப் பலவாய் ஈழத்துத் தமிழரிடையே இது பெருகியுள்ளது. ‘கல்வெட்டு’ என்று வழங்கும் நினைவு வெளியீட்டிலே இறந்தாரின் வரலாறும் வம்சாவழியும் திருமுறைப் பாடல்களும் ஒருங்கே அமைந்திருத்தலைக் காணலாம்.

மலரின் வலிமை அது சிதறிக் கிடத்தலேயாம். விழாவிற்கு வந்தவர் கையிலேந்திச் செல்வர். ஒரு படி அலமாரியிற் கிடக்கும். மற்றொன்று பெட்டியோடு கடல் கடக்கும். ஓரிடத்து நேரும் தீ அனைத்தையும் ஒருங்கே தீண்டாது. 2005ஆம் ஆண்டு தொடங்கப்பெற்ற ‘நூலகம்’ என்னும் எண்ணிம நூலகம் ஈழத்து நூல்களோடு சிறப்பு மலர்களையும் நினைவு மலர்களையும் திரட்டி யாவரும் படிக்க வைத்துள்ளது. அத்திரட்டு இயன்றமைக்குக் காரணம், அவை முன்னரே பல வீடுகளிற் பரவியிருந்தமையே.

இத்துணைப் பயனுடைய ஏட்டின் குறைகளையும் நோக்குதல் கடன். பல மலர்களிற் பெரும்பகுதியை வாழ்த்துரைகளும் ஆசியுரைகளுமே கவர்ந்துகொள்கின்றன. ‘தொன்மை வாய்ந்தது’ என்பர், ஆண்டு கூறார். ‘பெரியோர் பலர் உழைத்தனர்’ என்பர், பெயர் கூறார். பொருள் உதவினோர் பட்டியல் நீளும். கல் செதுக்கிய சிற்பியர், நாகசுரமும் தவிலும் வாசித்தோர், துறைமுகத்திற் சுமை சுமந்து ஈட்டிய கூலியிற் காணிக்கை இட்டோர் ஆகியோர்க்கு ஒரு வரியும் இராது. நினைவு மலர் பலவற்றில் மகளிர் பெயர் மனைவி, தாய் என்ற அளவில் நின்றுவிடும். அவர் கற்றதும் கற்பித்ததும் மறைந்துபோம். நினைவைக் காக்கும் ஏடே நினைவின் ஒரு பாதியைக் கைவிடுதல் வருந்தத் தக்கது.

மலர் விழாவின் பொருட்டு எழுவது, அதனிடத்து வரலாற்றை எதிர்பார்த்தல் முறையன்று என்று சிலர் கூறலாம். அக்கூற்று இடம் நிலைத்து நிற்கும் காலத்திற்குப் பொருந்தும். இடம் அழிந்தபின், புகழுரையாய் எழுதப்பட்டதுதானே சான்றாய் எஞ்சுகின்றது! மண்டபம் எரிந்த பிறகு அதன் தூண்கள் எத்தனை என்பதைச் சொல்லவல்லது மலர் ஒன்றேயாயின், அது வாழ்த்தோடு அமைதல் சாலாது.

நமக்கு வழிகாட்டி வேறெங்கும் இல்லை. 1887ஆம் ஆண்டு கலித்தொகையை அச்சேற்றிய யாழ்ப்பாணத்துச் சி. வை. தாமோதரம்பிள்ளை, தொட்ட அளவில் ஒடிந்து உதிரும் ஏடுகளைத் தேடிப் படியெடுத்து உலகிற்கு அளித்தார். அவர்தம் பதிப்புரைகள் நூலின் பெருமையை மட்டும் கூறி அமைந்தனவல்ல. ஏடுகள் இருந்த நிலையையும் அவற்றைத் தேடிய வரலாற்றையும் ஒளியாது கூறுவன. மலர் தொகுப்போர் கைக்கொள்ளத்தக்க நெறி அதுவே. நிகழ்ச்சிக்கு ஆண்டு இடுக. செய்தி சொன்னவர் யாரெனக் குறிக்க. படத்தின்கீழ் நிற்பவர் அனைவர் பெயரும் பொறிக்க. கொடுத்தவரோடு உழைத்தவரையும் எழுதுக. அச்சிட்ட படிகளிற் சிலவற்றை நூல் நிலையங்களுக்கும் எண்ணிமத் தொகுப்பிற்கும் அனுப்புக. இவற்றிற்கு ஆகும் செலவு ஒரு வாழ்த்துச் செய்தியின் பக்கத்தளவே.

கல்லூரி மலருக்கும் இக்கடப்பாடு உண்டு. கொட்டாஞ்சேனை முதியவர் ஒருவரிடம் சென்று, அவர் இளமையில் அத்தெருவில் இருந்த கடைகளையும் விழாக்களையும் கேட்டு எழுதும் மாணவன், பரிசு பெறும் பொருட்டு எழுதும் பத்துக் கட்டுரைகளினும் மேலான ஒன்றைத் தன் சமுதாயத்திற்கு ஈந்தவனாவான். முதியவர் பலராயினும் அவர்தம் நினைவு ஒவ்வொன்றும் ஒரே படி. படியெடுத்தற்குரிய காலம் அவர் வாழுங் காலமே.