மஹாவின் கண்களும் உலகப் பட்டியலும்

அரபுக் கவிதையில் ஓரளவேனும் பழக்கமுள்ளோர் 'மஹா' என்னும் சொல்லைச் சந்தியாமல் இருத்தல் அரிது. காதலியின் கண்களுக்கு அரபுப் புலவன் தேடிக்கொண்ட உவமை அது. அதனை 'மான்' என்று தமிழாக்கிவிட்டு மேற்செல்வோர் உண்டு. (வடமொழி 'மகா'வுடன் குழப்பிக்கொள்ளாத வரையில் அவர்களை மன்னிக்கலாம்!) உண்மையில் அது மானன்று, மாட்டினத்தோடு உறவுடைய பாலைவன விலங்கு. வெண்ணிற உடல், கருமை படர்ந்த கால்கள், வாளென நீண்ட இரு கொம்புகள். விலங்கியலார் அதனை அரேபிய ஓரிக்ஸ் என்பர்.

1972ஆம் ஆண்டில் ஓமான் நாட்டின் ஜித்தத்துல் ஹராஸீஸ் சமவெளியில், கட்டற்று வாழ்ந்த கடைசி மஹாக்கள் சுட்டு வீழ்த்தப்பட்டன. அன்று முதல் பத்தாண்டுக் காலம் உவமை இருந்தது. உவமைக்குரிய விலங்கு பாலையில் இல்லை. கஸீதாக்களின் ஏடுகளிலும் அகராதிகளிலும் சொல் மட்டும் வாழ்ந்துகொண்டிருந்தது.

கண்ணழகை மட்டும் எடுத்துக்கொண்ட கவிஞர்களை நாம் குறை கூறவில்லை. எனினும், முஅல்லகாத் கவிஞர்களுள் ஒருவரான லபீத் இப்னு ரபீஆ அவர்களைப் போன்று இவ்விலங்கை அறிந்து பாடியோர் மிகச் சிலரே. தம் பெண் ஒட்டகத்தின் விரைவுக்கு உவமையாகவே அவர் காட்டுப் பசுவைக் கொணர்கிறார். அதனை மஹா என்றே ஆய்வாளர் பெரும்பாலோர் கொள்வர். கன்றை ஓநாய்களுக்குப் பறிகொடுத்த தாய் அது. மழையிரவில் மரமொன்றின் அடியில் ஒதுங்குகிறது. விடிந்ததும் வேடரின் அரவம் கேட்டு ஓடுகிறது. இறுதியில் திரும்பி நின்று வேட்டை நாய்களைக் கொம்பால் எதிர்க்கிறது. ஒட்டகத்தை நாம் மறந்துவிடுகிறோம். மழை, மணல், மரம், வேடர் ஆகிய யாவும் அவ்விலங்கோடு சேர்ந்தே நிற்கின்றன. அதனை அதன் நிலத்தினின்று பிரித்துக் காண லபீத் அறியார்.

நம் காலத்து உலக அமைப்புகள் செய்த பணியை இந்த அளவுகோலால் மதிப்பிட விரும்புகிறோம்.

பணி பெரிது என்பதில் ஐயமில்லை. ஒட்டகமேறி வேட்டையாடிய காலத்தில் அழியாத இனம், மோட்டார் வாகனமும் தானியங்கித் துப்பாக்கியும் வந்தபின் அழிந்தது. 1962இல் லண்டனைச் சேர்ந்த விலங்கினப் பாதுகாப்புச் சங்கம் ஏடன் பகுதியின் கிழக்கே ஆளனுப்பியது. பிடிபட்டவை நான்கு, அவற்றுள் ஒன்று மாண்டது. எஞ்சிய மூன்றுடன் லண்டன் விலங்குக் காட்சிச் சாலை ஒன்றும், குவைத் ஒன்றும், சவூதி மன்னர் நான்கும் வழங்கினர். வறண்ட தட்பவெப்பம் கருதி அமெரிக்காவின் அரிசோனா மாநிலத்தில் ஃபீனிக்ஸ் நகரில் இவ்வொன்பதும் 'உலக மந்தை'யாகப் பேணப்பட்டன. ஓரினத்தின் எதிர்காலம் ஒன்பது உயிர்களில் தங்கியிருந்தது! 1982இல் பத்து மஹாக்கள் மீண்டும் ஜித்தத்துல் ஹராஸீஸில் விடப்பட்டன. அவற்றைக் காத்தோர் அச்சமவெளியின் பதுவீ மக்களாகிய ஹராஸீஸ் குலத்தாரே.

1994இல் யுனெஸ்கோ அந்நிலத்தை உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது. இரண்டே ஆண்டுகளில் திருட்டு வேட்டை தலைதூக்கிற்று. தனியார் விலங்குச் சாலைகள் உயிருள்ள மஹாவுக்குப் பெருவிலை தந்தன. 1996இல் 450ஆக இருந்த எண்ணிக்கை 2007இல் 65ஆகச் சரிந்தது. அவற்றுள்ளும் இனப்பெருக்கத்துக்குரிய இணைகள் நான்களவே. அவ்வாண்டு ஓமான் அரசு காப்பகத்தின் பரப்பை நூற்றுக்குத் தொண்ணூறு பங்கு குறைத்து, எண்ணெய் வளம் தேடவும் முற்பட்டது. உலகப் பாரம்பரியக் குழு அந்நிலத்தைப் பட்டியலினின்றே நீக்கியது. அவ்வாறு நீக்கப்பட்ட முதல் இடம் இதுவே.

குழுவுக்கு வேறு வழி இருந்ததா என்று கேட்கலாம். சிறப்பு அழிந்தபின் சிறப்புப் பட்டம் எதற்கு என்பது நேர்மையான வாதமே. ஆயினும், காவல் மிகவும் வேண்டப்பட்ட நாளில் உலகத்தின் கையிலிருந்த ஒரே ஆயுதம் பெயரை அடிப்பதுதான் என்பது நம்மைத் திடுக்கிடச் செய்கிறது. பெயர் அடிபட்டதால் வேட்டையாடியவனுக்கோ, விலை தந்தவனுக்கோ நேர்ந்த இழப்பு யாது?

நான்கு ஆண்டுகள் கழித்து, 2011இல், இயற்கைப் பாதுகாப்புக்கான பன்னாட்டு ஒன்றியம் வேறொரு செய்தி வெளியிட்டது. மஹா இனம் மீண்டு வருகிறது. இயற்கையில் ஏறத்தாழ ஆயிரம் உள்ளன. அபாயப் படிநிலையில் அது ஒரு படி மேலேறிவிட்டது என்றது. அழிந்தது என்கிறது ஓர் ஆவணம். பிழைத்தது என்கிறது மற்றொன்று. இரண்டும் பொய்யல்ல. முன்னது இடத்தைப் பேசுகிறது; பின்னது இனத்தைப் பேசுகிறது. பின்னதை மட்டும் படித்து மகிழ்பவர் ஜித்தத்துல் ஹராஸீஸை அறியவே மாட்டார். கண்ணை மட்டும் எடுத்துக்கொண்ட கவிஞனுக்கும் எண்ணை மட்டும் எடுத்துக்கொண்ட அறிக்கைக்கும் இவ்விடத்தில் வேற்றுமை குறைவே.

2022 டிசம்பரில் மாண்ட்ரியல் நகரில் கூடிய நாடுகள், 2030க்குள் நிலத்திலும் கடலிலும் நூற்றுக்கு முப்பது பங்கைக் காப்போம் என்று உறுதி பூண்டன. பூர்வகுடிகளின் உரிமையை மதிப்போம் என்னும் வாசகமும் அதில் உண்டு, வரவேற்கிறோம். ஆனால் செய்தியாகப் பரவியது 'முப்பது' என்னும் எண்ணே. தொண்ணூறு பங்கு ஒரே ஆண்டில் கைநழுவியதைக் கண்ட நாம் அவ்வெண்ணை ஐயத்தோடுதான் நோக்குகிறோம். ஹராஸீஸ் மக்கள் பேசும் ஹர்ஸூஸி மொழியும் இன்று அழிவின் விளிம்பில் உள்ளது. விலங்கை அறிந்தவனின் மொழி விலங்குக் கணக்கில் ஏறுவதில்லை.

1995 முதல் மஹாக்கள் விடப்பட்ட மற்றோரிடம், ரப்உல் காலீ பாலையின் விளிம்பிலுள்ள சவூதி அரேபியாவின் உரூக் பனீ மஆரித். 2023இல் யுனெஸ்கோ அதனைத் தன் பட்டியலில் ஏற்றது. ஜித்தத்துல் ஹராஸீஸ் இன்னும் அதற்குத் திரும்பவில்லை.