'நான் டீச்சராம், நீ பிள்ளையாம்': கிளேர் சிமோனின் இடைவேளைப் படம்

இடைவேளையில் நாம் பெரும்பாலும் எதைப் பார்க்கிறோம்? யாராவது விழுந்துவிட்டார்களா, அடித்துக்கொண்டார்களா, அவ்வளவுதான். பிரெஞ்சு இயக்குநர் கிளேர் சிமோன் அதே நேரத்தில் கேமராவோடு போய் நின்றார். ஒரு பாலர் பள்ளி முற்றத்தில் எடுத்த அந்த ஆவணப்படத்தின் பெயர் 'ரெக்ரெயாசியோன்' (1992). பொருளும் 'இடைவேளைகள்'தான்.

கதை என்று பெரிதாக ஒன்றுமில்லை. பிள்ளைகள் குச்சி பொறுக்குகிறார்கள். அந்தக் குச்சிக்குத் திடீரென்று தங்கத்தின் மதிப்பு வந்துவிடுகிறது. யாருக்குச் சொந்தம் என்று சண்டை. பையன்கள் சிலருக்குப் போரும் சிறையும் விளையாட்டு. பெஞ்சிலிருந்து குதிக்கப் பயப்படும் ஒரு சிறுமிக்குத் தோழிகள் குதிக்கக் கற்றுக்கொடுக்கிறார்கள். நாம்கூட இத்தனை பொறுமையாகக் கற்றுக்கொடுப்போமா தெரியவில்லை. அவள் குதித்தாளா என்பதைப் படத்தில் பாருங்கள்.

சிமோன் பிள்ளைகளைப் பேட்டி எடுப்பதில்லை. இதன் அருமை தெரிய, ஈரானிய இயக்குநர் அப்பாஸ் கியாரொஸ்தாமியின் 'வீட்டுப் பாடம்' (1989) படத்தையும் பார்க்க வேண்டும். அதில் அவர் கறுப்புக் கண்ணாடியோடு உட்கார்ந்து மாணவர்களைக் கேள்வி கேட்கிறார். கார்ட்டூன் பிடிக்குமா, வீட்டுப்பாடம் பிடிக்குமா? வீட்டுப்பாடம்தான் என்கிறார்கள், பயந்த முகத்தோடு! பெரியவர் கேட்டால் பெரியவருக்குப் பிடித்த பதில்தானே வரும். நம் வாய்மொழித் தேர்விலும் காணொளியைக் காட்டிக் கருத்துக் கேட்டால், "நாம் அனைவரும் சுற்றுப்புறத்தைத் தூய்மையாக வைத்திருக்க வேண்டும்" என்று ஒரே மூச்சில் வருகிறதே, அதுவும் இதே பதில்தான்.

அதே பிள்ளை வெளியே போய், "நான் டீச்சராம், நீ பிள்ளையாம், இதுதான் கிளாசாம்" என்கிறது. இந்த 'ஆம்' பாட்டி கதையில் வரும் அதே 'ஆம்'. "ஒரு ஊர்ல ஒரு ராஜாவாம்." கண்ணால் காணாததைச் சொல்ல நம் மொழி வைத்திருக்கும் சொல்லுருபு அது. யாரும் பாடம் நடத்தவில்லை, பிள்ளைக்கு அது பிழையில்லாமல் வருகிறது. கட்டுரைத் தாளில் மட்டும் அதைக் காணோம். அங்கே கதை "ஒரு நாள் காலை" என்று தொடங்கி, ஒரு பழமொழியில் முடிகிறது.

படத்தில் எனக்கு நெருடலும் உண்டு. ஒரு குழந்தையை மற்றவர்கள் ஒதுக்கும்போதும் கேமரா அசையாமல் நிற்கிறது. இயக்குநர் அப்படி நிற்கலாம். ஆசிரியர் நிற்க முடியுமா? ஓடிப்போய் விலக்கத்தான் தோன்றும். ஆனால் விலக்கிய கணத்திலேயே விளையாட்டு முடிந்து, "டீச்சர், இவன்தான்!" தொடங்கிவிடும். எப்போது போவது, எப்போது பொறுப்பது? படம் விடை சொல்லவில்லை. சக ஆசிரியர்களோடு பார்த்துவிட்டு இதைப் பற்றி வாதாடிப் பாருங்கள்.

மாணவர்களுக்கு ஒரு பயிற்சி. இடைவேளையில் தம்பி தங்கைகள் விளையாடுவதைப் பத்து நிமிடம் கேளுங்கள். கேட்ட பேச்சை அப்படியே எழுதுங்கள், 'ஆம்' உட்பட. திருத்த வேண்டாம்.