நல்ல மருந்து, நம்பத்தகாத சாட்சி

ஒரு கொலை வழக்கு வருடக்கணக்கில் துப்புத் துலங்காமல் கிடந்தால், மயிலாப்பூர் டீக்கடையிலும் தி. நகர் பேருந்து நிலையத்திலும் ஒரே குரல்தான் எழும்: "ஒரு ஊசியைப் போட்டு விசாரிச்சா எல்லாத்தையும் கக்கிடுவான்." நார்கோ சோதனை என்று நாளிதழ்கள் எழுதும் அந்த ஊசியின் மேல் நம் மக்களுக்கு அவ்வளவு நம்பிக்கை. அந்த நம்பிக்கைக்கு மூளை தரும் ஆதாரம் என்ன என்பதே இந்தக் கட்டுரையின் கேள்வி.

இதே மயிலாப்பூரில், மெரினாவை ஒட்டிய காமராஜர் சாலையில்தான் தமிழ்நாடு தடய அறிவியல் துறை இருக்கிறது. 1849இல் சென்னையில் நிறுவப்பட்ட வேதியியல் பரிசோதகர் கூடம் இந்தியாவிலேயே முதலாவது. அந்த மரபில் வந்த துறை இது. அங்கே ஒரு நஞ்சைக் கண்டறிந்தால், அதே மாதிரியை வேறொருவர் சோதித்தாலும் அதே முடிவு வர வேண்டும். தடய அறிவியலின் உரைகல் அதுதான். நார்கோ ஊசியையும் அந்த உரைகல்லில்தான் உரசிப் பார்க்க வேண்டும்.

ஊசியில் இருப்பது பெரும்பாலும் தயோபென்டல். பென்டதால் என்ற பெயரில் பலருக்குத் தெரிந்த மருந்து. பார்பிச்சுரேட் குடும்பத்தைச் சேர்ந்தது. 1864இல் ஜெர்மானிய வேதியியலாளர் அடால்ஃப் ஃபான் பேயர் பார்பிச்சூரிக் அமிலத்தை உருவாக்கினார். அதிலிருந்து 1903இல் எமில் ஃபிஷரும் ஜோசப் ஃபான் மேரிங்கும் இந்தக் குடும்பத்தின் முதல் தூக்க மருந்தைத் தந்தார்கள். 1912இல் ஆல்ஃபிரட் ஹாப்ட்மன் ஃபீனோபார்பிடால் வலிப்பை அடக்குவதைக் கண்டார். தயோபென்டல் 1934இல் அறுவை அரங்குக்குள் மயக்க மருந்தாக நுழைந்தது. தூக்கம், வலிப்பு, மயக்கம் என இந்த மருந்துகள் பிறந்த நோக்கம் எதிலும் உண்மைக்கு இடமில்லை.

மூளைக்குள் இவை செய்வது ஒருவகை அமர்த்தல். நரம்பணுக்கள் அளவுக்கு மீறிக் கிளர்ந்தெழாமல் தடுக்க மூளையே காபா என்ற வேதிப்பொருளைச் சுரக்கிறது. அது தன் ஏற்பியில் ஒட்டியதும் நரம்பணுவின் சுவரில் ஒரு சிறு வாயில் திறக்கும், குளோரைடு அயனிகள் உள்ளே போகும், நரம்பணு அடங்கும். டயசிபாம், அல்பிரசோலம் போன்ற மாத்திரைகள் இந்த வாயிலை அடிக்கடி திறக்க வைக்கின்றன. அதற்கும் காபா கூட இருக்க வேண்டும். பார்பிச்சுரேட்டுகள் திறந்த வாயிலை மூடவிடாமல் நெடுநேரம் பிடித்துவைக்கின்றன. அளவு கூடினால் காபா இல்லாமலே வாயிலைத் திறந்துவிடுகின்றன. நரம்பணுக்களைத் தூண்டும் குளூட்டமேட்டின் வேலையையும் மட்டுப்படுத்துகின்றன. அதனால் தூக்கத்துக்கும் மூச்சு நின்றுபோவதற்கும் இடையிலான தூரம் இம்மருந்தில் மிகக் குறைவு. இதை முறிக்கும் மாற்று மருந்தும் கிடையாது. செயற்கைச் சுவாசம் கொடுத்துக் காத்திருப்பதுதான் வழி.

தயோபென்டல் கொழுப்பில் எளிதில் கரையும். நரம்பில் ஏற்றிய அரை நிமிடத்துக்குள் மூளையை எட்டும். ஐந்து, பத்து நிமிடங்களில் தசைகளுக்கும் மற்ற உறுப்புகளுக்கும் பரவிவிட, நினைவு திரும்பும். ஆகவே விசாரணைக்கு ஒரே ஊசி போதாது. மயக்க மருத்துவர் மருந்தைச் சிறிது சிறிதாக ஏற்றி, விழிப்புக்கும் மயக்கத்துக்கும் நடுவிலான வரப்பில் அந்த மனிதரை நிறுத்திவைக்க வேண்டும். அந்த வரப்பில் நிற்பவருக்கு "இதைச் சொல்லலாமா, கூடாதா" என்று எடைபோடும் முன்மூளையின் பிடி தளர்கிறது. நாக்கு அவிழ்கிறது. அதே நேரம் நினைவைப் பதியவைக்கும் ஹிப்போகாம்பஸும் மந்தமாகிறது. கேட்பவர் கேள்வியிலேயே வைத்துத் தரும் பெயரும் இடமும் பதிலுக்குள் எளிதாகப் புகுந்துவிடும். மதுவும் இதே காபா ஏற்பியின் வழியாகத்தான் பெருமளவு வேலை செய்கிறது. குடிகாரன் பேச்சு விடிந்தால் போச்சு என்று நம்மவர்கள் சொல்லிவைத்ததை நரம்பியல் இன்று விளக்கிக் காட்டுகிறது.

இந்த மருந்துகளின் நிறைகளை மறைத்துப் பேசுவது நேர்மையாகாது. ஃபீனோபார்பிடால் நூறாண்டுக்கு மேலாகியும் வலிப்புக்குக் கிடைக்கும் மலிவான மருந்துகளில் ஒன்று. கூலி வேலை செய்யும் குடும்பத்தாலும் மாதாமாதம் வாங்க முடிகிறது. எதற்கும் நிற்காத தொடர் வலிப்பைத் தீவிர சிகிச்சைப் பிரிவில் தயோபென்டல் அடக்குகிறது. இரண்டாம் உலகப் போரில் அதிர்ச்சியால் பேச்சிழந்த வீரர்களுக்கு மனநல மருத்துவர்கள் இதே வகை ஊசியைப் போட்டுப் பேச வைத்தார்கள். ஆனால் அந்த மருத்துவருக்கு வேண்டியது நோயாளியின் மனச்சுமை இறங்குவது. நோயாளி சொல்லும் சம்பவம் அப்படியே நடந்ததா என்று மருத்துவர் சரிபார்க்கத் தேவையில்லை. நீதிமன்றத்துக்கு வேண்டியது அந்தச் சரிபார்ப்பு ஒன்றுதான்.

விசாரணையில் இதற்குச் சொல்லப்படும் நியாயங்களில் வலுவானது, அடிக்கு மாற்று என்பது. 2020இல் சாத்தான்குளத்தில் தந்தையும் மகனும் காவல்துறையின் அடியால் உயிரிழந்ததைப் பார்த்த தமிழகத்தில், லத்தியைவிட ஊசி மேல் என்று ஒருவர் சொன்னால் அதை எளிதில் தள்ளிவிட முடியாது. அரைமயக்கத்தில் சொன்ன இடத்தைத் தோண்டி ஆயுதம் கிடைத்தால், அந்த ஆயுதம் யார் பேச்சையும் நம்பாமல் தானே நிற்கும் என்பது இரண்டாவது நியாயம்.

குறைகளோ அடிப்படையிலேயே இருக்கின்றன. யேல் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் தன்னார்வலர்களிடம் வெட்கப்படத்தக்க ஒரு சம்பவத்தையும், அதை மறைக்க ஒரு பொய்க்கதையையும் தயார்செய்யச் சொல்லி, பார்பிச்சுரேட் கொடுத்து விசாரித்தார்கள். 1951இல் வெளியான முடிவின்படி, மனத்திடம் உள்ளவர்கள் மயக்கத்திலும் பொய்க்கதையை விடவில்லை; குற்றவுணர்வில் தவிப்பவர்களே எளிதில் ஒப்புக்கொண்டார்கள், செய்யாததையும் சேர்த்து. அதாவது இந்தச் சோதனை கைதேர்ந்த குற்றவாளிக்குக் கேடயமாகவும் நலிந்த மனதுக்காரருக்குக் கண்ணியாகவும் ஆகிவிடக்கூடும். மயிலாப்பூர்க் கூடத்தின் உரைகல்லில் அது நிற்காது.

நம் நீதிமன்றங்களும் இந்தத் தெளிவுக்கு மெல்லத்தான் வந்தன. 2006இல் தினேஷ் டால்மியா வழக்கில் சென்னை உயர் நீதிமன்றம் இந்தச் சோதனைகளை அனுமதித்தது. ஒருவரை விருப்பத்துக்கு மாறாகச் சோதனைக் கூடத்துக்கு அழைத்துப் போகலாம், ஆனால் அங்கே அவர் வெளியிடுவது தன்னிச்சையானதே என்பது அதன் வாதம். இங்கேதான் சட்டம் மூளையை விட்டு விலகிப்போனது. பார்பிச்சுரேட் முதலில் தளர்த்துவதே அந்தத் தன்னிச்சையைத்தான். எந்தத் திறனைக் கொண்டு ஒருவர் பேசவும் பேசாதிருக்கவும் முடிவெடுக்கிறாரோ, அதை அமர்த்திவிட்டுக் கிடைத்த பேச்சை விரும்பிச் சொன்னது என்று கொள்ள முடியாது.

2010 மே 5இல் செல்வி எதிர் கர்நாடக அரசு வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைச் சரிசெய்தது. கட்டாய நார்கோ சோதனை அரசமைப்பின் 20(3), 21 ஆகிய பிரிவுகளுக்கு எதிரானது என்றது. சம்மதத்துடன் நடந்தாலும், பதில்கள் சுயநினைவின் கட்டுப்பாட்டில் இல்லாததால், சோதனை முடிவு மட்டும் சாட்சியம் ஆகாது. அதைத் தொடர்ந்து கண்டெடுக்கப்படும் பொருளை ஏற்கலாம். சம்மதம் மாஜிஸ்திரேட் முன் பதிவாக வேண்டும். வழக்கறிஞர் உதவி வேண்டும். 2025 ஜூனில் அம்லேஷ் குமார் வழக்கில் அதே நீதிமன்றம், எல்லாக் குற்றம்சாட்டப்பட்டவர்களுக்கும் நார்கோ சோதனை செய்வதாகக் காவல்துறை சொன்னதை ஏற்ற பாட்னா உயர் நீதிமன்ற உத்தரவை ரத்து செய்தது.

இருந்தும் இரண்டு ஓட்டைகள் அடைபடவில்லை. "நீ குற்றமற்றவன் என்றால் ஏன் பயப்படுகிறாய்?" என்ற கேள்விக்கு நடுவே, காவலில் இருப்பவர் கொடுக்கும் சம்மதம் எவ்வளவு தூரம் சம்மதம்? அடுத்தது மருத்துவர். நோய் தீர்க்கக் கற்ற கையால், நோயில்லாத ஒருவரை, அவருக்கு எதிராகவே பேசவைக்க மயக்கத்தின் விளிம்பில் நிறுத்துகிறார். மூச்சு நிற்கும் அபாயம் அந்த மனிதருக்கு, பலன் வேறொருவருக்கு. மருத்துவ அறம் இதை ஏற்கும் என்று நான் நினைக்கவில்லை.

எடைபோட்டுச் சொன்னால்: வலிப்புக்கும் மயக்கத்துக்கும் பார்பிச்சுரேட் நல்ல மருந்து; சாட்சியாக அது நம்பத்தகாதது. லத்திக்கு மாற்று ஊசி என்பதும் நிற்காத வாதம், ஏனென்றால் இரண்டுமே மனிதரின் மறுக்கும் உரிமையை உடைத்துத்தான் பேச்சைப் பெறுகின்றன. லத்திக்கு உண்மையான மாற்று காமராஜர் சாலையிலேயே இருக்கிறது: ரத்தமும் கைரேகையும் தோட்டாவும் பேசும் அந்தக் கூடத்துக்கு நிபுணர்களும் கருவிகளும் குறைவின்றிக் கொடுங்கள். அடுத்த முறை டீக்கடையில் யாராவது ஊசியைப் பற்றிப் பேசினால், அவரிடம் ஒன்று சொல்லுங்கள்: அந்த மருந்து மூளையைத் தூங்க வைக்கும், தூங்கும் மூளைக்கு மெய்யும் பொய்யும் ஒன்றுதான்.