வ. உ. சிதம்பரனாரின் நூற்பணி: ஒரு மதிப்பீடு

கொல்லிமலையின் அடிவாரத்தே முள்ளுக்குறிச்சி என்னும் ஊர் உள்ளது. அவ்வூரில் நின்று மலையை நோக்கும் தமிழ் மாணவர்க்கு முதற்கண் நினைவில் எழுபவன் வல்வில் ஓரி. அவனை வன்பரணர் பாடிய 152-ஆம் புறப்பாட்டு, ஓர் அம்பினால் யானை, புலி, மான், பன்றி, உடும்பு ஆகிய ஐந்தனையும் வீழ்த்திய வேட்டுவனாக அறிமுகம் செய்கின்றது. ஆயின் பாட்டு அவ்வளவில் நின்றுவிடவில்லை. பாணர் தன் பெயர் கூறிப் புகழக் கேட்டு அவன் நாணியதையும், வேட்டையிற் பெற்ற ஊனும் தன் மலைப் பொன்னும் மணியும் அவர்க்கு வழங்கியதையும் அது விரித்துரைக்கின்றது. மக்கள் நினைவோ வில்லைப் பற்றிக்கொண்டு நாணத்தைக் கைவிட்டது. ஒரு செயலைப் பற்றிக்கொண்டு ஏனையவற்றை நெகிழவிடுதல் பொதுநினைவின் இயல்பு போலும்.

இவ்வியல்பிற்கு அண்மைக் காலத்துச் சான்று வ. உ. சிதம்பரனார் ஆவர். கப்பலும் செக்கும் அவர் பெயரோடு பிரிவின்றி ஒட்டிக்கொண்டன. அவர் எழுதியனவும் பதிப்பித்தனவும் ஆகிய நூல்கள் பாராட்டுரைகளில் ஒரு வரியளவே இடம்பெறுகின்றன. அந்நூல்களை அரசியல் வாழ்வின் பிற்சேர்க்கையாகக் கொள்ளுதல் பொருந்துமா என்பதே ஈண்டு ஆராயப்படுவது.

வரலாறு பலரும் அறிந்ததாகலின் சுருக்கமாகக் கூறுதல் அமையும். 1872-ஆம் ஆண்டு செப்டம்பர் 5-ஆம் நாள் ஓட்டப்பிடாரத்திற் பிறந்த அவர், 1906-இல் சுதேசிக் கப்பற் கம்பெனியை நிறுவித் தூத்துக்குடிக்கும் கொழும்புக்கும் இடையே வெள்ளையர் கம்பெனியின் தனியாட்சியை எதிர்த்தார். 1908-இல் கோரல் ஆலைத் தொழிலாளரின் வேலைநிறுத்தத்திற்குத் துணைநின்றார். அவ்வாண்டு மார்ச்சுத் திங்களில் சிறைப்பட்டார். சூலைத் திங்களில் நீதிபதி பின்ஹே இரட்டை வாழ்நாள் தண்டனை விதித்தார். மேல்முறையீட்டில் அது குறைக்கப்பட, கோவைச் சிறையிலும் கண்ணனூர்ச் சிறையிலும் இருந்து 1912 இறுதியில் விடுதலை பெற்றார். 1936 நவம்பர் 18-இல் தூத்துக்குடியில் மறைந்தார்.

இனிச் சிறைக்காலத்து நூல்களை நோக்குவாம். ஜேம்ஸ் ஆலன் என்னும் ஆங்கில ஆசிரியரின் சிறுநூலொன்றை அவர் ‘மனம்போல வாழ்வு’ எனத் தமிழாக்கினார்; அது 1909-இல், அவர் சிறையில் இருந்த காலத்திலேயே வெளிவந்தது. கண்ணனூரில் இயற்றிய ‘மெய்யறம்’ 1914-இல் அச்சேறியது. 125 அதிகாரங்களும் அதிகாரந்தோறும் பத்து ஒற்றையடிகளும் கொண்ட அந்நூல் மாணவரியல், இல்வாழ்வியல், அரசியல், அந்தணவியல், மெய்யியல் என ஐந்தாகப் பகுக்கப்பட்டது. அதிகாரப் பாகுபாட்டிற்குக் குறளும், ஒற்றையடி யாப்பிற்கு ஔவையின் அறநூல்களும் முன்மாதிரிகள் என்பது வெளிப்படை. ஐந்தனுள்ளும் பெரியது 50 அதிகாரங்கள் கொண்ட அரசியலே. அரசுக்கு எதிராகப் பேசினார் எனத் தண்டிக்கப்பட்டவர் அத்தண்டனைக் காலத்திலேயே அரசின் இலக்கணத்தை வகுத்துரைத்தார் என்பது கருதத்தக்கது.

எனினும் ‘மெய்யற’த்தைச் சிறந்த கவிதை என்றல் மிகைபடக் கூறலாம். ஓரடியில் ஒரு விதியைக் கூறி முடித்தலின் உவமைக்கும் ஓசைக்கும் இடம் குறைந்தது. பயிற்றுநூல் என்னும் நிலையில் அது நிற்கும். இலக்கியம் என்னும் நிலையில் அகவல் யாப்பில் அமைந்த அவர்தம் ‘சுயசரிதை’யே மேம்பட்டது. பரலி சு. நெல்லையப்பர் வேண்டுகோளால் எழுந்த அந்நூல் ஆசிரியர் மறைந்த பின், 1946-இல் வெளிவந்தது. இளமைக் குறும்புகளை மறையாமலும் சிறைத் துன்பங்களை மிகுத்துரையாமலும் செல்லும் அதன் நடை, செய்யுளில் தன்வரலாறு கூறுதல் அருகிய தமிழுக்குப் புதுவரவாகும்.

அவர் பணியின் உயிர்நிலை பதிப்புத்துறையில் உள்ளது. சிறையில் தொல்காப்பியத்தை உரைகளுடன் கற்ற அவர் உள்ளம் இளம்பூரணரையே நாடியது. அக்காலப் புலவரிடையே நச்சினார்க்கினியர்க்கு இருந்த செல்வாக்கு மிகப் பெரிது. எனினும் முதல் உரையாசிரியரின் எளிமையையே சிதம்பரனார் விரும்பினார். எழுத்ததிகார இளம்பூரணத்தை அவர் 1928-இல் வெளியிட்டார். குறளிலும் அவ்வாறே. பரிமேலழகர் உரை தனியரசு செலுத்திய காலத்தில், பழைமை மிக்க மணக்குடவர் உரையோடு அறத்துப்பாலை 1917-இல் பதிப்பித்தார். அந்நாளில் அவர் வழக்கறிஞர்ச் சான்றை இழந்து, நிலையான வருவாயின்றிச் சென்னையில் வாழ்ந்தவர் என்பதை மறத்தல் ஆகாது.

கடல்வாணிகத்திலும் உரைமரபிலும் ஒருவர் தனியாட்சியை ஒப்பாமையே அவர் இயல்பு என ஒருவர் கூறக்கூடும். இவ்வொப்புமையை அளவுகடந்து நீட்டுதல் தவறு. பரிமேலழகரும் நச்சினார்க்கினியரும் அயலவர் அல்லர். அவர்தம் புலமையைச் சிதம்பரனார் இகழ்ந்தவரும் அல்லர். ஆயின் நெடுங்காலம் நிலைபெற்றது என்னும் ஒரு காரணம் பற்றியே ஒன்றை ஏற்றுக்கொள்ளாமல், முதலில் இருந்தது யாது எனத் தாமே சென்று காணும் வேட்கை இரண்டிடத்தும் ஒன்றே.

அவ்வேட்கையே அவர்க்குக் குறையும் விளைத்தது. ‘இன்னிலை’ என்னும் நூலைப் பதினெண்கீழ்க்கணக்கைச் சார்ந்ததெனக் கொண்டு, தாமே உரை வகுத்து 1917-இல் வெளியிட்டார். பதினெட்டு நூல்களையும் தொகுத்துக் கூறும் வெண்பா இருவகையாகப் பொருள்கொள்ள இடந்தருதலின் அம்மயக்கம் நேர்ந்தது. 1931-இல் அனந்தராமையர் ‘கைந்நிலை’யைப் பதிப்பித்தார். கைந்நிலைக்குப் பழைய உரைகளில் சான்று உண்மையும் இன்னிலைக்கு அஃது இன்மையும் நோக்கிய அறிஞர் பலர், கைந்நிலையையே பதினெட்டனுள் ஒன்றாகக் கொண்டு இன்னிலையைப் பிற்காலப் புனைவென ஒதுக்கினர். அம்முடிபே இன்று பெரிதும் ஏற்கப்படுவது. பழைமையைத் தேடும் ஆர்வம் பழைமையை ஆராயும் ஐயத்தை முந்தியதன் விளைவு இது.

குறளின் கடவுள் வாழ்த்து, வான்சிறப்பு, நீத்தார் பெருமை ஆகிய மூன்றும் வள்ளுவர் வாக்கல்ல என்ற அவர் கொள்கையும் இத்தகையதே. அதனைப் பெரும்பாலோர் ஏற்றிலர். அவர் போற்றிப் பதிப்பித்த மணக்குடவரே அவ்வதிகாரங்களுக்கு உரை கண்டுள்ளார். தாம் கொண்ட சான்றே தமக்கு மாறாக நிற்றலை அவர் போதிய அளவு எண்ணிற்றிலர் என்றே கூறல் வேண்டும்.

இக்குறைகளைக் கூறுதல் அப்பெருமகனார்க்கு இழுக்காகாது. சிலைக்கு மாலை சூட்டுவோர் பிழை காண்பதில்லை. நூலைக் கற்போரே காண்பர். அவரை வீரராக மட்டும் வணங்குவோர் அவர்தம் பதிப்புகளைத் திறப்பதில்லை. இளம்பூரணத்தைப் பயில்வோரிற் பலர் அவரை நினைப்பதில்லை. பதிப்பாசிரியர் வரிசையில் அவர்க்கு உரிய இடத்தை வரையறுத்தல் தமிழ்த்துறைகளின் கடன். அவர்தம் பதிப்புகளைச் சுவடிகளோடும் பிற பதிப்புகளோடும் ஒப்புநோக்கிப் பாடவேறுபாடுகளைத் தொகுத்தலே அதற்கு முதற்படி. மாணவர் ஆய்வுக்கு ஏற்ற பொருள் இது.

புகழ்கேட்டு நாணிய ஓரியை அறிய விரும்புவார் பாட்டை முழுதும் ஓதுதல் வேண்டும். கப்பல் செலுத்திய சிதம்பரனாரை முழுதும் அறிய விரும்புவார் அவர் நூல்களை ஓதுதல் வேண்டும்.