பெர்னார்ட் ஷா காணாத மலை

அறிஞர் பெர்னார்ட் ஷாவின் 'மருத்துவரின் இக்கட்டு' 1906இல் அரங்கேறிய நாடகம். பின்னர் அதற்கு அவர் எழுதிச் சேர்த்த முன்னுரையோ, நாடகத்தினும் கூரியது. அறுவைக்குக் கூலி பெறுபவரிடமே, அறுவை தேவைதானா என்று தீர்ப்பும் கேட்கிறோமே, முறையா என்று வினவினார். மருத்துவர் கொடியவர் என்றாரில்லை. நல்லவரையும் வழுக்கி விழச் செய்யும் ஏற்பாடே கொடிது என்றார்.

நூறாண்டு கடந்தும் அவ்வினா மூப்படையவில்லை. 2019-21 தேசியக் குடும்பநலக் கணக்கெடுப்பைப் புரட்டுவோம். தமிழ்நாட்டு அரசு மருத்துவமனைகளில் நூறு பிள்ளைப்பேற்றில் 36 அறுவை வழி. தனியார் மருத்துவமனைகளிலோ ஏறத்தாழ 64! பிள்ளை பெறும் உடல் ஒன்றே. கட்டடம் மாறியதும் கத்திக்கு வேலை ஏன் மிகுகிறது? அத்தனையும் வீண் அறுவை என்று பழியோம். எது வேண்டியது, எது வேண்டாதது என்றறியும் வழி நோயாளிக்கு இல்லை. அறிந்தவருக்கோ அதில் ஆதாயம் இருக்கிறது என்பதே நம் கவலை.

எனினும் ஷாவிடம் நாம் ஒரு குறை காண்கிறோம். அம்முன்னுரையின் ஒளி, மருத்துவரின் வாயிலை எட்டிவிட்ட நோயாளி மீதே பெரிதும் விழுகிறது. எட்டவே இயலாதவன்? அவனுக்காகப் பேசியவர், வேல்சு நாட்டுச் சுரங்கச் சிற்றூரில் பணிபுரிந்த மருத்துவர் ஜூலியன் டூடர் ஹார்ட். நோய் மிகுந்த இடத்தில் மருத்துவம் அருகியிருக்கும், சந்தையின் கை ஓங்குமிடத்தில் அது இன்னும் அருகும் என்று 1971இல் எடுத்துக்காட்டினார்.

இதற்குச் சான்று வேண்டுவோர் கள்ளக்குறிச்சிக்கு வருக! நகரில் தனியார் மருத்துவமனைப் பலகைகள். கல்வராயன் மலையேறினாலோ, அங்கு வாழும் மலையாளிப் பழங்குடி மக்களை நாடி முதல் போட எவரும் முந்துவதில்லை. 2024 சூனில் மெத்தனால் கலந்த சாராயம் அறுபதுக்கும் மேற்பட்ட உயிர்களைக் குடித்தபோது, துடித்தவர்களைத் தாங்கியவை கள்ளக்குறிச்சி, சேலம், விழுப்புரம் அரசு மருத்துவமனைகளும் புதுவை ஜிப்மருமே. அதன் பின்னரே, மலைமக்களின் அடிப்படைத் தேவைகள் குறித்துச் சென்னை உயர்நீதிமன்றம் தானாகவே வழக்கெடுத்தது. நீதிமன்றம் கேட்டது, சந்தை கேட்டதா?

இருப்பவனுக்கு மிகை, இல்லாதவனுக்கு இன்மை: இரண்டும் இலாபம் என்னும் ஒரே தாயின் பிள்ளைகள். தனியார் மருத்துவமனைகளை இழுத்து மூடுக என்று நாம் கூறவில்லை. கட்டணத்தை வாயிலில் எழுதச் செய்க. அறுவைக் கணக்கை ஆண்டுதோறும் ஊரறிய வெளியிடச் செய்க. 2022இல் திறக்கப்பட்ட கள்ளக்குறிச்சி அரசு மருத்துவக் கல்லூரி, மலைக்கும் மருத்துவரை அனுப்புக. நோயாளியின் அச்சம் ஒருவருக்கு வருவாயாக இருக்கும்வரை, மருத்துவத்தை அறம் என்றழைக்க நமக்கு நா எழாது!